பாலத்தடியில் காய்ந்த சிலுவார்

கொடியில் காயப்போட்ட ஒரு சிலுவார் இரண்டு நாடுகளுக்கு இடையே சண்டையை மூட்டிவிட்டது என்று சொன்னால் நம் தோட்டத்து மக்கள் நம்புவார்களா? "போய்யா, வேலையைப் பாரு" என்றுதான் சொல்வார்கள். ஆனால் நடந்திருக்கிறது. 1974ஆம் ஆண்டு ஜனவரி 30ஆம் தேதி, சீனாவின் ஆளுங்கட்சிப் பத்திரிகையான 'மக்கள் தினசரி' ஒரு பெரிய கட்டுரையைப் போட்டது. இத்தாலியிலிருந்து வந்த ஒரு படக்காரர் எங்கள் நாட்டையே அவமானப்படுத்திவிட்டார் என்று அதில் கொதித்திருந்தார்கள். குற்றங்களின் பட்டியல் நீளம். அதில் ஒன்று, நான்ஜிங் நகரத்துப் பெரிய பாலத்தைக் கோணல்மாணலாகப் படம் பிடித்தார் என்பது. அதோடு விட்டாரா? பாலத்தடியில் கொடியில் காய்ந்துகொண்டிருந்த சிலுவாரையும் சேர்த்துக் காட்டிக் கேலி செய்தார் என்பது இன்னொன்று.

இந்தச் செய்தியை முதலில் படித்தபோது நமக்குச் சிரிப்புத்தான் வந்தது. கொஞ்ச நேரத்தில் அந்தச் சிரிப்பு அடங்கிவிட்டது. கொடித்துணிக்கும் மேலிடத்துக்கும் உள்ள பகை நமக்குப் புதிதா என்ன? கம்பெனி டைரக்டர் வருகிறார், மந்திரி வருகிறார், டெலிவிஷன்காரர்கள் வருகிறார்கள் என்றால் முதல் நாள் சாயங்காலமே மண்டோர் லயத்துக்கு வந்து நிற்பார். "நாளைக்கு வாசல்ல ஒரு துணி தொங்கக் கூடாது, சொல்லிட்டேன்." கோழிக்கூண்டு பின்கட்டுக்குப் போகும். சாக்கடை ஓரத்துக்குச் சுண்ணாம்பு வரும். ஆறு மாதமாகக் கேட்டுக் கிடைக்காத சுண்ணாம்பு அன்றைக்கு மட்டும் எங்கிருந்துதான் வருமோ! வந்த பெரிய மனிதர் பத்து நிமிஷம் நின்று, ஒரு குழந்தையின் கன்னத்தைத் தட்டிவிட்டுப் போவார். படம் பேப்பரில் வரும். அதில் நம் வீடு இருக்கும், நாம் இருப்போம். ஆனால் நாம் உடுத்தும் துணி இருக்காது.

ஆகவே இந்தச் சிலுவார் கதையைக் கொஞ்சம் விரிவாகவே சொல்லலாம் என்று நினைக்கிறோம். அதற்கு முன்னால் அந்தப் பாலத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். அது சாதாரணப் பாலம் அல்ல.

யாங்சி ஆறு சீன தேசத்தை வடக்கு, தெற்கு என்று இரண்டாகப் பிளந்துகொண்டு ஓடுகிறது. நம் பேராக் ஆறும் பகாங் ஆறும் அதன் பக்கத்தில் நின்றால் வாய்க்கால் மாதிரி. வடக்கேயிருந்து வரும் ரயில் நான்ஜிங்குக்கு எதிர்க்கரையில் பூக்கோ என்ற இடத்தில் நின்றுவிடும். 1933 முதல் ரயில் பெட்டிகளைத் துண்டு துண்டாகக் கழற்றி, தண்டவாளம் பதித்த படகில் ஏற்றி, அக்கரைக்குக் கொண்டுபோய் மறுபடியும் கோத்து ஓட்டினார்கள். கரை மாறுவதற்குள் ஒன்றரை, இரண்டு மணி நேரம் ஓடிவிடும். 1937 டிசம்பரில் ஜப்பானியப் படை நகருக்குள் நுழைந்தபோது, தப்பி ஓடிய சனங்கள் ஆற்றங்கரை வரை வந்து, தாண்டுவதற்குப் படகு கிடைக்காமல் அங்கேயே செத்தார்கள். அந்த ஊர்க்காரர்களுக்குப் பாலம் என்பது அழகுக்கு வைக்கிற பொருள் அல்ல என்பது இதிலிருந்தே விளங்கும்.

1957இல் வூஹான் என்ற ஊரில் யாங்சிக்கு மேல் முதல் பாலம் வந்தது. அதற்குச் சோவியத் பொறியாளர்கள் உதவினார்கள். நான்ஜிங் பாலத்துக்கு 1960 ஜனவரியில் வேலை தொடங்கியது. அதே ஆண்டு இரண்டு நாடுகளுக்கும் மனக்கசப்பு வந்து, சோவியத் நிபுணர்கள் வரைபடங்களைச் சுருட்டிக்கொண்டு ஊர் திரும்பிவிட்டார்கள். அங்கேயிருந்து வரவேண்டிய எஃகும் நின்றுபோனது. "உங்களால் முடியாது" என்று முகத்துக்கு நேரே சொன்ன மாதிரி ஆகிவிட்டது. ஆன்ஷான் எஃகு ஆலைத் தொழிலாளர்கள்தான் கடைசியில் அந்த எஃகை உருக்கிக் கொடுத்தார்கள். முதல் தலைமைப் பொறியாளர் மெய் யாங்சுன், பாலம் எழுவதைப் பார்க்காமலே 1962இல் இறந்துபோனார்.

அந்த வருஷங்கள் எப்படிப்பட்டவை தெரியுமா? 1959லிருந்து 1961 வரை சீனாவில் கொடும் பஞ்சம். கோடிக்கணக்கான மக்கள் பட்டினியால் மாண்ட காலம். அரை வயிற்றோடு ஆற்றில் இறங்கியவர்கள் கட்டிய பாலம் அது. ஆற்றடியில் பாறை இருக்கிறதா, மண் இருக்கிறதா என்று மூழ்கித் தடவிப் பார்க்க, சாதாரணமாக மனிதன் போகாத ஆழத்துக்குப் போனார்கள். 1964இல் வெள்ளம் வந்து, தூணுக்காக ஆற்றில் மிதக்கவிட்டிருந்த பிரம்மாண்டமான பெட்டிகளின் நங்கூரக் கம்பிகள் அறுந்துபோயின. மலை மாதிரி இருந்த அந்தப் பெட்டிகள் ஊஞ்சல் போல ஆட, ஆட்கள் வாரக்கணக்கில் ராப்பகலாகப் போராடித்தான் அவற்றை நிலைக்குக் கொண்டுவந்தார்கள்.

பாலத்துக்கு மேலும் கீழுமாக இரண்டு தட்டு. கீழ்த்தட்டில் ரயில், மேல்தட்டில் மோட்டார் வண்டிகளும் சைக்கிளும் நடை சனமும். ரயில் தட்டின் நீளம் 6,772 மீட்டர், மேல்தட்டு 4,589 மீட்டர். ஆற்றுக்குள் ஒன்பது தூண்கள். 1968 செப்டம்பரில் ரயில் ஓடியது, டிசம்பரில் மேல் சாலை திறந்தது. நகரத்து மக்கள், மாணவர்கள், கடைக்காரர்கள், சிப்பாய்கள் என்று பல்லாயிரம் பேர் கூலி வாங்காமல் வந்து மண் சுமந்தார்கள், கல் சுமந்தார்கள். அவர்களில் எத்தனை பேர் மனமுவந்து வந்தார்கள், எத்தனை பேர் வராவிட்டால் பேர் கெட்டுவிடும் என்று வந்தார்கள் என்று நம்மால் பிரித்துச் சொல்ல முடியாது. கோயில் திருவிழாவுக்குக் கூட்டுவேலை செய்கிற இடத்திலும் இரண்டு வகை ஆட்களும் உண்டல்லவா? ஆனால் ஒன்று சொல்லலாம். "இந்தப் பாலத்தில் என் கைமண்ணும் இருக்கிறது" என்று சொல்லக்கூடிய குடும்பங்கள் அந்த ஊரில் நிறைய.

பிறகு அந்தப் பாலத்தின் படம் போகாத இடமில்லை. பீங்கான் பூச்சுக் குவளையில் பாலம், முகம் கழுவும் பேசினில் பாலம், பள்ளிப் பிள்ளையின் பென்சில் பெட்டியில் பாலம், கல்யாணப் பத்திரத்தில்கூடப் பாலம்! பாலத்தைக் கண்ணால் பார்க்காத குக்கிராமத்துக் கிழவியும் காலையில் எழுந்தால் அதன் படத்தில்தான் முகம் கழுவினாள்.

இதை வைத்து அரசாங்கம் செய்திப்படம் எடுத்தது. அந்தக் காலத்துச் சோசலிச நாடுகள் எல்லாவற்றிலும் இந்த வகைப் படங்கள் உண்டு. அணை கட்டினால் ஒரு படம், ரயில் பாதை போட்டால் ஒரு படம், பாலம் கட்டினால் ஒரு படம். பெரும்பாலும் குட்டிப் படங்கள்தான். படம் காட்டும் கோஷ்டி மெஷினைத் தூக்கிக்கொண்டு கிராமம் கிராமமாகப் போகும். நமக்கும் இது தெரியாத சங்கதி அல்ல. 1946இல் தொடங்கிய மலாயா படப்பிரிவு எடுத்த படங்களைத் தகவல் இலாகா வேனில் கொண்டுவந்து தோட்டத்துத் திடலில் வெள்ளைத்துணி கட்டிக் காட்டியதை நம் தாத்தா பாட்டிமார் பாய் விரித்து உட்கார்ந்து பார்த்தவர்கள்தாம். மலேரியாக் கொசுப் படம் முடிந்த பிறகு எம்.ஜி.ஆர். படம் போடுவார்களா என்று காத்திருந்ததையும் சொல்லுவார்கள்.

அப்படிப்பட்ட பாலப் படத்தில் என்ன இருக்கும்? சிவப்புக் கொடி, மேளம், கைதட்டல். தூணைத் தூக்கும் கிரேன், தீப்பொறி, தலைக்கவசம் போட்ட இளைஞனின் சிரித்த முகம். கடைசியில் புகை விட்டுக்கொண்டு முதல் ரயில் பாலத்தில் வரும், கூட்டம் ஆர்ப்பரிக்கும். நாம் இதைக் கேலி செய்யச் சொல்லவில்லை. உழைப்பவனைத் திரையில் பெரிதாகக் காட்டியது அந்தப் படங்களின் புண்ணியம். வெள்ளைக்காரன் எடுத்த ரப்பர் படத்தில் கம்பெனிதான் கதாநாயகன். பால் வெட்டுகிறவள் மரத்துக்கு ஒரு பக்கவாத்தியம். சீனத்துப் படத்தில் கூலிக்காரன் கதாநாயகன் ஆனான். அது சின்ன விஷயம் இல்லை.

ஆனால் கதாநாயகனுக்குப் பசிக்கக் கூடாது என்று வைத்துவிட்டார்கள். அதுதான் கோளாறு. 1960, 61இல் அவன் என்ன சாப்பிட்டான் என்று படம் சொல்லாது. வேலை முடிந்து எந்தக் கொட்டகையில் படுத்தான், அவன் மனைவி எங்கே துணி துவைத்தாள், அடிபட்டவனை யார் தூக்கிப்போனார்கள் என்பதெல்லாம் வராது. அவன் சிரிப்பான், கொடி பிடிப்பான், அதோடு சரி.

இந்த நிலையில்தான் 1972இல் மிக்கேலாஞ்சலோ அன்டோனியோனி என்ற இத்தாலியப் பட இயக்குநர் வந்தார். அவராக நுழையவில்லை, சீன அரசாங்கமே அழைத்தது. இடதுசாரி மனசுக்காரர், உலகப் புகழ் உள்ளவர், நல்லபடியாகக் காட்டுவார் என்று நம்பியிருப்பார்கள். இருபத்திரண்டு நாள் படம் பிடித்தார். பெய்ஜிங், ஹெனான் மாநிலத்துக் கிராமங்கள், சூஜோ, நான்ஜிங், ஷங்ஹாய் என்று காட்டிய இடங்களுக்கெல்லாம் போனார். காட்டாத இடத்திலும் காமிராவைத் திருப்பினார். மூன்றரை மணி நேரத்துக்கு மேல் ஓடும் படம். பெயர் 'சுங் குவோ', சீன மொழியில் அந்த நாட்டின் பெயரே அதுதான். 1973 தொடக்கத்தில் இத்தாலியத் தொலைக்காட்சியில் வந்தது.

அவர் பார்த்தது வேறு. தெருவில் நடக்கிற சனம், சந்தையில் பேரம் பேசுகிற சனம், காமிராவைப் பார்த்து வெட்கப்பட்டு ஒதுங்குகிற கிழவன், மூக்கு ஒழுகும் பிள்ளை. பாலத்தை நேராக, நடுவில் நிறுத்தி, கம்பீரமாகக் காட்டவில்லை. பக்கவாட்டில், சாய்வாக, பல கோணத்தில் காட்டினார். அடியில் துணி காய்ந்தது, அதையும் விட்டுவைக்கவில்லை.

பெரியவர்களுக்கு ஆத்திரம் வந்துவிட்டது. பாலம் ஆடிப்போய் விழுகிற மாதிரி காட்டுகிறான் என்றார்கள். பன்றி தலையாட்டும் காட்சிக்குப் பின்னால் புரட்சி நாடகப் பாட்டை ஓடவிட்டான் என்றார்கள். நாடு முழுக்கக் கண்டனக் கூட்டம். வேடிக்கை என்னவென்றால், எதிர்த்துக் கோஷம் போட்டவர்களில் மிகப் பெரும்பாலோர் படத்தைப் பார்த்ததே கிடையாது. பார்க்க விட்டால்தானே! உண்மையில் கட்சிக்குள் நடந்த சண்டையில், படக்காரரை அழைத்த பிரதமர் சூ என்லாய் தரப்பை அடிப்பதற்கு இந்தச் சிலுவார் ஒரு சாக்கு என்பது பின்னால் வெளிப்பட்டது. தொழிற்சங்கத்தில் இருப்பவர்களுக்கு இது சட்டென்று விளங்கும். கூட்டத்தில் ஒருவரை வீழ்த்த வேண்டுமானால் தீர்மானத்தில் உள்ள ஒரு காற்புள்ளிகூடப் போதும்.

இருந்தாலும் அந்தக் கோபத்தை முழுசாகத் தள்ளிவிட நமக்கு மனம் வரவில்லை. உம்பர்ட்டோ எக்கோ என்ற இத்தாலிய அறிஞர் ஒரு சங்கதியை எழுதியிருக்கிறார். 1974இல் வெனிஸ் நகரில் இந்தப் படத்தைப் போட்டபோது, ஹாங்காங் பத்திரிகைக்காக வந்திருந்த ஓர் இளம் சீன விமர்சகர் அவருக்கு விளக்கம் சொன்னாராம். சீனர் கண்ணுக்குப் பெரிய பொருளைக் காட்டினால் நேராக, சமமாக, முழுசாகக் காட்ட வேண்டும், அதுதான் மரியாதை. சாய்த்துக் காட்டினால் அவமதிப்பு. இத்தாலியருக்கோ சாய்த்துக் காட்டுவதுதான் கலை. யாரும் பொய் சொல்லவில்லை. இரண்டு பேருக்கும் கண் வேறு. நம் வீட்டிலேயே பாருங்கள். செத்துப்போன அப்பாவின் படத்தை ஸ்டூடியோவில் எடுத்தால் கோட்டு மாட்டி, பக்கத்தில் பூச்சாடி வைத்து, நேராக நிமிர்ந்து எடுப்போம். வெட்டுக்காட்டில் வியர்வையோடு நிற்கும்போது எவனாவது எடுத்த படத்தை மாலை போட்டு மாட்டுவோமா?

இன்னொன்றும் உண்டு. நூறு வருஷமாக வெளியூர்க் காமிரா ஏழை நாட்டுக்கு வந்தால் சாக்கடையைத்தான் தேடும். நம்மிடமும் அப்படித்தான் வருகிறார்கள். உடைந்த கதவு, ஒழுகும் கூரை, குடித்துக் கிடக்கிற ஒரு ஆள். மூன்றும் கிடைத்தால் போதும், 'தோட்டத் தமிழர் அவலம்' என்று ஒரு படம் தயார். அதே லயத்தில் மூன்று பிள்ளைகளைப் பல்கலைக்கழகத்துக்கு அனுப்பிய வீடு இருக்கும். அந்த வாசலுக்கு அவர்கள் போவதில்லை. ஒரு பக்கம் கம்பெனி ஆண்டறிக்கையில், புதுச் சட்டை போட்டுச் செம்பனைக் குலையைத் தூக்கிப் பிடித்துச் சிரிக்கிற பெண். இன்னொரு பக்கம் குடிகாரன். இரண்டு படத்திலும் நாம் இருக்கிறோம் என்றுதான் சொல்கிறார்கள். நமக்கென்னவோ இரண்டிலும் நம்மைக் காணவில்லை.

சரி, அந்தச் சிலுவார் அவமானமா, இல்லையா? நாம் சொல்வது இதுதான்: அவமானம் இல்லை. ஆற்றங்கரையில் வாழ்கிறவன் ஆற்றில் துவைத்துக் கரையில் காயப்போடுவான். எட்டு வருஷம் ஆற்றில் நின்று பாலம் கட்டியவனுக்கும் மாற்றிக்கொள்ள ஒரு சிலுவார் வேண்டாமா? துவைத்த துணி என்பது என்ன? வேலைக்குப் போனவன் திரும்பி வந்துவிட்டான், அவனுக்காக ஒருத்தி சோப்புப் போட்டிருக்கிறாள், நாளைக்கும் வேலை இருக்கிறது என்பதற்கு அத்தாட்சி. செம்பனை வெட்டுகிறவரின் சட்டையையும் மருந்து அடிக்கிறவளின் முழுக்கைச் சட்டையையும் துவைத்துப் பார்த்தவர்களுக்கு அந்த அருமை தெரியும். பாலத்தைத் தலைக்கு மேலே வைத்து, அடியில் துணியைக் காட்டினால் பாலம் சிறுத்துப் போகாது. சிறுத்துப் போகும் என்று பயந்தவர்கள் பாலத்தைக் குவளையில் பார்த்தவர்கள்தான்.

நமக்கு வருத்தம் தருகிற இடம் வேறு. அந்தச் சிலுவாருக்குச் சொந்தக்காரரை யாரும் கேட்கவில்லை. படம் எடுத்தவர் கேட்கவில்லை, கண்டித்த பத்திரிகையும் கேட்கவில்லை. பேர் தெரியாத ஒரு மனிதரின் துணியை வைத்துக்கொண்டு ஆளாளுக்குப் பேசினார்கள். சீனாவில் அந்தப் படம் பகிரங்கமாகத் திரையிடப்பட்டது 2004இல்தான். அதற்குள் அந்தச் சிலுவாரைப் போட்டவர் இருந்தாரோ, போனாரோ!

ஒரு தோட்டத்தில் கிளைக் கூட்டம் முடிந்து தேநீர் குடிக்கும்போது இந்தக் கதையைச் சொன்னோம். எல்லாரும் சிரித்தார்கள். வெற்றிலை இடித்துக்கொண்டிருந்த ஒரு பாட்டி மட்டும் சிரிக்காமல், "ஏன் தம்பி, அத்தனை சனம் வேலை செஞ்ச எடத்துல துணி காயப்போட ஒரு கொட்டகை கட்டிக் குடுக்கலியா?" என்று கேட்டார். மூன்றரை மணி நேரப் படத்துக்கும், நாடு பூராவும் நடந்த கண்டனத்துக்கும் தோன்றாத கேள்வி.

படத்தில் இடம்பெறுவது இவ்வளவு பெரிய சங்கதியா என்று சிலர் கேட்கலாம். சம்பளம் உயரட்டும், வீடு கிடைக்கட்டும், படம் எதற்கு என்பார்கள். அவர்களுக்கு இன்னொரு பாலத்தை நினைவுபடுத்துகிறோம். இது நம் பாலம்.

1942, 43இல் ஜப்பானியர் சயாமிலிருந்து பர்மாவுக்கு 415 கிலோமீட்டர் ரயில் பாதை போட்டார்கள். மலாயாத் தோட்டங்களிலிருந்து நம் ஆட்களை ஆயிரமாயிரமாகக் கொண்டுபோனார்கள். சம்பளம் தருகிறோம், சாப்பாடு தருகிறோம் என்று ஆசை காட்டியும் கொண்டுபோனார்கள், லாரி கொண்டுவந்து பிடித்தும் போனார்கள். இலவசமாகப் படம் காட்டுகிறோம் என்று கொட்டகைக்குள் கூட்டிக் கதவைச் சாத்தி ரயிலேற்றியதும் உண்டு என்று அந்தக் காலத்துப் பதிவுகளில் இருக்கிறது. காலராவிலும் பட்டினியிலும் பல்லாயிரம் பேர் அந்தக் காட்டிலேயே போனார்கள். குடும்பம் குடும்பமாகப் பேர் அற்றுப்போன லயங்கள் உண்டு.

வூஹான் பாலம் திறந்த அதே 1957இல், அந்தச் சயாம் ரயில் பாதையை வைத்து 'குவாய் நதிப் பாலம்' என்ற ஆங்கிலப் படம் வந்தது. இலங்கையில் செட்டுப் போட்டு எடுத்தார்கள். ஏழு ஆஸ்கார் பரிசு வாங்கியது. உலகம் முழுக்க அந்த விசில் பாட்டு ஒலித்தது. பாலத்தைக் கட்டுகிறவர்கள் யார்? வெள்ளைக்காரக் கைதிச் சிப்பாய்கள். அவர்கள் பட்ட பாடு பொய்யல்ல. அவர்களிலும் ஆயிரக்கணக்கானோர் மாண்டார்கள். ஆனால் நம்மவர்களுக்கு அந்தக் கதையில் இடமில்லை. காஞ்சனபுரியில் சிப்பாய்களுக்கு வரிசை வரிசையாகப் பேர் பொறித்த கல்லறைகள் இருக்கின்றன. நம்மவர்களில் பெரும்பாலோருக்குப் பேரும் இல்லை, கல்லும் இல்லை. இன்றைக்கும் சயாம் ரயில் என்றால் உலகத்துக்கு விசில்தான் நினைவுக்கு வருகிறது. படத்தில் இல்லாதவனைக் கணக்கிலும் விட்டுவிடுகிறார்கள் என்பதற்கு இதைவிட வேறென்ன வேண்டும்?

நான்ஜிங் பாலத்தைப் பற்றி மூன்றாவதாகவும் ஒரு படம் இருக்கிறது. 2015இல் இரண்டு அமெரிக்கர்கள் எடுத்தது. பாலத்துக்குத் துக்கமான ஒரு பேரும் உண்டு. வாழ்க்கை கசந்துபோனவர்கள் அங்கே போய் நிற்பார்கள். சென் சி என்ற சாதாரண உழைப்பாளி 2003 முதல் வார இறுதி நாட்களில் அந்தப் பாலத்தில் ரோந்து வருகிறார். யாரும் சம்பளம் கொடுத்து வைத்த ஆள் இல்லை. நடையைப் பார்த்தே மனபாரத்தோடு வருகிறவரைக் கண்டுபிடித்து, பக்கத்தில் போய்ப் பேச்சுக் கொடுத்துத் திருப்பி அழைத்துவருகிறார். இப்படி நூற்றுக்கணக்கானோரைக் காப்பாற்றியிருக்கிறார். அந்தப் படத்தில் அவரே பேசுகிறார். வீட்டில் வரும் சண்டை, செலவு, தனக்கு வரும் சோர்வு எல்லாம் சொல்கிறார். பாலம் அதில் பின்னால் நிற்கிறது, மனிதன் முன்னால் நிற்கிறான். 1969இல் இப்படி ஒரு படம் எடுத்திருந்தால் என்ன கதி ஆகியிருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். இன்றைக்கு அதனால் பாலத்துக்கு ஒரு குறைவும் வந்துவிடவில்லை. 2016இல் மேல் சாலையை மூடிப் பழுது பார்த்து, 2018 டிசம்பரில் மறுபடி திறந்திருக்கிறார்கள்; வண்டிகள் போய்க்கொண்டுதான் இருக்கின்றன.

இப்போது நம் தோட்டங்களுக்கு வருவோம். எத்தனை தோட்டம் வீடமைப்பாகவும் தொழிற்பேட்டையாகவும் மாறிவிட்டது! லயம் இடிந்து, கோயில் பெயர்ந்து, பள்ளி இடம் மாறிப் போய்விட்டது. செம்பனை வாய்க்காலுக்கு மேல் குலைவண்டி போக நம் அப்பாமார் போட்ட பலகைப் பாலங்கள் எத்தனை! மழைக்காலத்தில் பிள்ளைகள் பள்ளிக்குப் போக ஊர்கூடிக் கட்டிய பாலங்கள் எத்தனை! அவற்றுக்குத் திறப்புவிழாவும் இல்லை, செய்திப்படமும் இல்லை. இடித்த பிறகு போய்க் கேட்டால், கம்பெனி அலுவலகத்தில் துரைமார் வரிசையாக உட்கார்ந்த படம்தான் கிடைக்கும். நம் பக்கத்துக் காலண்டர்களும் மலர்களும் மட்டும் யோக்கியமா? திறந்தால் தலைவருக்கு மாலை, அடுத்த பக்கம் செயலாளருக்குப் பொன்னாடை. உறுப்பினர் இருபத்தைந்தாம் பக்கத்தில், கூட்டமாக, முகம் தெரியாமல்.

இன்றைக்கு வீட்டுக்கு ஒரு ஹேண்ட்போன் இருக்கிறது. பிள்ளைகள் சோற்றுத்தட்டைக்கூடப் படம் எடுக்கிறார்கள். அவர்களிடம் சொல்லுங்கள்: லயம் நிற்கும்போதே எடுக்கட்டும். கோயில் கோபுரத்தை எடுக்கிற அதே கையால் பெரட்டுக் களத்தையும் ஆயக்கொட்டகையையும் தண்ணீர்க் குழாயையும் எடுக்கட்டும். பக்கத்து லயத்தில் இருக்கிற வங்காளதேசத்து ஆளையும் இந்தோனேசியப் பெண்ணையும் அவர்களிடம் கேட்டுக்கொண்டு எடுக்கட்டும். இன்றைக்கு நம்மோடு அந்தக் குலையைச் சுமக்கிறவர்கள் அவர்கள். தாத்தாவிடம் பேசச் சொல்லி அப்படியே பதிவு செய்யட்டும். இடையில் இருமினால் இருமட்டும், கெட்ட வார்த்தை வந்தால் வரட்டும். கொடியில் துணி கிடந்தால், தயவுசெய்து, எடுத்துவிட வேண்டாம்.

ஒரே ஒரு வேலை மட்டும் கூடச் செய்ய வேண்டும். போனில் இருக்கிற படம் போனோடு போய்விடும். நல்லதாகப் பத்துப் படத்தைக் கடையில் கொடுத்து அச்சுப் போட்டு வாங்குங்கள், அதிகச் செலவாகாது. பின்பக்கம் பேனாவால் தோட்டத்தின் பேர், எந்தப் பிரிவு, எந்த வருஷம், படத்தில் நிற்பவர் யார், அவர் என்ன வேலை செய்தார் என்று எழுதுங்கள். பாட்டிமார் இருக்கும்போதே கேட்டு எழுதுங்கள். ஒரு நகல் வீட்டில் இருக்கட்டும், இன்னொன்றைத் தமிழ்ப்பள்ளித் தலைமையாசிரியரிடமோ ஆலய நிர்வாகத்திடமோ கொடுத்து, கொடுத்ததற்குக் கையெழுத்து வாங்கிக்கொள்ளுங்கள்.